வறுமைக் கோடும் மளிகைப் பட்டியலும்

மாதத்தின் முதல் வாரத்தில் அரைக் கிலோ துவரம் பருப்பு வாங்கும் வாடிக்கையாளர், இருபதாம் தேதி வாக்கில் நூறு கிராம் கேட்பார். இருபத்தைந்துக்கு மேல், "நோட்டில எழுதிக்கிடுங்க அண்ணாச்சி, ஒண்ணாம் தேதி தந்திருதேன்" என்பார். கல்லாவில் உட்கார்ந்திருக்கும் நம்மில் யாருக்கும் இது புதிதல்ல. தெருவில் எந்த வீட்டு அடுப்பு எப்படி எரிகிறது என்பது, அந்த வீட்டுப் பற்று நோட்டைப் புரட்டினாலே நமக்குத் தெரிந்துவிடும்.

ஆனால் நாடு முழுவதும் ஏழைகள் எத்தனை கோடி என்பது அரசாங்கத்துக்கு எப்படித் தெரிகிறது? "வறுமைக் கோட்டுக்குக் கீழே" என்ற சொல்லைப் பத்திரிகைகளில் அடிக்கடி படிக்கிறோம். அந்தக் கோட்டை யார் போட்டார்கள், எந்த அளவுகோலை வைத்துப் போட்டார்கள் என்று நம்மில் பலர் கேட்டதில்லை. கேட்டுப் பார்த்தால் ஒரு வியப்பான செய்தி கிடைக்கிறது. அந்தக் கோடு அடிப்படையில் ஒரு மளிகைப் பட்டியல்தான். என்னென்ன சாமான், எவ்வளவு அளவு, என்ன விலை என்று நாம் சிட்டை போடுவது போலவே போட்டு, கூட்டித் தொகை கண்டு, அந்தத் தொகைக்கு வறுமைக் கோடு என்று பெயர் வைத்தார்கள். சிட்டையில் ஒரு சாமானைச் சேர்த்தால் சில கோடிப் பேர் ஏழையாகிறார்கள். ஒரு சாமானை அடித்துவிட்டால் சில கோடிப் பேர் ஏழை இல்லை என்றாகிறார்கள். ஆகவே இந்தக் கணக்கைப் புரிந்துகொள்ள நம்மைவிடத் தகுந்தவர்கள் இல்லை.

பருத்தி வியாபாரியும் பலசரக்குக் கடைப் பேரனும்

இந்தியாவில் இந்தச் சிட்டையை முதலில் போட்டவர் தாதாபாய் நௌரோஜி. அவரைத் தேசத் தலைவராக அறிவோம். அவர் ஒரு வியாபாரியும்கூட என்பதைப் பலர் அறியார். 1855இல் காமா நிறுவனத்தின் பங்குதாரராக இங்கிலாந்து சென்று, 1859இல் சொந்தமாகப் பருத்தி வணிக நிறுவனம் தொடங்கியவர் அவர். 1876இல் பம்பாயில் அவர் படித்த "இந்தியாவின் வறுமை" என்ற கட்டுரையில் ஒரு மனிதன் உயிர் வாழ ஆண்டுக்கு எவ்வளவு வேண்டும் என்று கணக்கிட்டுக் காட்டினார்.

அதற்கு அவர் எடுத்துக்கொண்ட பட்டியல் எது தெரியுமா? கூலி வேலைக்காகக் கடல் கடந்து போனவர்களுக்குக் கப்பலில் கொடுக்க வேண்டும் என்று வகுக்கப்பட்ட உணவு அளவு. அரிசி அல்லது மாவு, பருப்பு, ஆட்டிறைச்சி, காய்கறி, நெய், எண்ணெய், உப்பு. வேலை எதுவும் செய்யாமல் கப்பலில் இருப்பவருக்கான சாப்பாடு அது. 1867-68ஆம் ஆண்டு விலைவாசியில் அதற்கு ஆளுக்கு ஆண்டு ஒன்றுக்கு, இடத்தைப் பொறுத்து 16 முதல் 35 ரூபாய் ஆகும் என்று கண்டார். இந்தியரின் சராசரி வருமானமோ அவர் கணக்கில் ஆளுக்கு 20 ரூபாய். கப்பலில் சும்மா இருப்பவரின் சோற்றுக்கே பல இடங்களில் போதாத வருமானம்! இந்த ஒரு சிட்டையை வைத்தே வெள்ளையர் ஆட்சியின் பெருமைப் பேச்சுக்கு அவர் பதில் சொன்னார்.

அங்கே இங்கிலாந்தில், யார்க் நகரத்தில், சீபோம் ரவுன்ட்ரி என்பவர் 1899இல் இதே வேலையில் இறங்கினார். இவருடைய பாட்டனார் 1822இல் அந்த ஊரில் பலசரக்குக் கடை வைத்தவர். பின்னாளில் கோகோ, சாக்லேட் உற்பத்தியில் பெயர் பெற்ற குடும்பம். ரவுன்ட்ரி 11,560 தொழிலாளர் குடும்பங்களின் நிலையை வீடு வீடாக விசாரித்தார். கணவன், மனைவி, மூன்று குழந்தைகள் உள்ள வீட்டுக்கு உணவு, வாடகை, துணி, விறகுக் கரி எல்லாம் சேர்த்து வாரம் 21 ஷில்லிங் 8 பென்ஸ் வேண்டும் என்று கணக்கிட்டார். அதில் செய்தித்தாளுக்குக் காசில்லை, ஊருக்கு ஒரு கடிதம் போடத் தபால் தலைக்குக்கூடக் காசில்லை. அவ்வளவு கறாராகப் போட்ட சிட்டையிலும், ஊர் மக்களில் சுமார் 28 சதவீதத்தினர் வறுமையில் இருப்பதாகத் தெரிந்தது.

அவர் சொன்ன இரண்டு விஷயங்கள் இன்றும் நம் கடை நோட்டுக்குப் பொருந்தும். ஒன்று, வறுமையில் இரண்டு வகை உண்டு. வருமானமே போதாதது ஒரு வகை. வருமானம் கணக்குக்குப் போதும், ஆனால் அதில் ஒரு பகுதி வேறு வழியில் போய்விடுவதால் சோற்றுக்குத் தட்டுப்பாடு என்பது இன்னொரு வகை. யார்க்கில் இரண்டாம் வகையே அதிகம். மற்றொன்று, ஒரே மனிதன் வாழ்நாளில் கோட்டுக்குக் கீழே போவதும் மேலே வருவதுமாக இருக்கிறான். குழந்தைப் பருவத்திலும், தனக்குக் குழந்தைகள் பிறந்த காலத்திலும், முதுமையிலும் கீழே இறங்குகிறான். பிள்ளைகள் சம்பாதிக்கத் தொடங்கியதும் வீடு நிமிர்கிறது. இருபது வருடம் ஒரே தெருவில் கடை நடத்தியவருக்கு இதைச் சொல்லித் தர வேண்டியதில்லை.

டில்லியில் போட்ட சிட்டை

சுதந்திர இந்தியாவில் 1962இல் திட்டக் குழு சார்பில் அறிஞர் குழு ஒன்று கூடி, 1960-61 விலையில் மாதம் ஆளுக்கு 20 ரூபாய் குறைந்தபட்சத் தேவை என்றது. நகரத்தில் 25 ரூபாய். ஐந்து பேர் உள்ள கிராமத்து வீட்டுக்கு மாதம் 100 ரூபாய். இதில் வைத்தியச் செலவும் பள்ளிக்கூடச் செலவும் சேரவில்லை. அவற்றை அரசாங்கமே பார்த்துக்கொள்ளும் என்ற எண்ணத்தில் விட்டுவிட்டார்கள். சிட்டையிலிருந்து அடிக்கப்பட்ட அந்த இரண்டு வரிகளை நினைவில் வைத்துக்கொள்வோம்.

1971இல் தண்டேகர், ரத் என்ற இரு பொருளாதார அறிஞர்கள், நாளொன்றுக்கு 2,250 கலோரி தரும் உணவை வாங்க முடிகிறதா என்பதை அளவாகக் கொண்டார்கள். 1979இல் அலக் தலைமையிலான குழு இதை இன்னும் திட்டமாக்கியது. கிராமத்தில் உழைப்பவருக்கு 2,400 கலோரி, நகரத்தில் 2,100 கலோரி. அந்த அளவுக்குச் சாப்பிடுகிற குடும்பங்கள் மொத்தத்தில் என்ன செலவு செய்கின்றன என்று பார்த்து, 1973-74 விலையில் மாதம் ஆளுக்குக் கிராமத்தில் 49 ரூபாய் 9 காசு, நகரத்தில் 56 ரூபாய் 64 காசு என்று கோடு கிழித்தார்கள். அதன்பின் பல ஆண்டுகள் பட்டியலை மாற்றாமல் விலையை மட்டும் ஏற்றிக்கொண்டே வந்தார்கள். 1993இல் லக்டாவாலா குழு, மாநிலத்துக்கு மாநிலம் விலைவாசி வேறு என்பதால் கோடும் வேறாக இருக்க வேண்டும் என்றது. கொள்முதலுக்கு வெளிமாநிலச் சந்தைகளுக்குப் போய் வருபவர்களுக்கு இதன் நியாயம் உடனே விளங்கும்.

பட்டியல் பழசாகிப்போனதுதான் சங்கடம். 1973-74இல் மக்கள் வாங்கியதையா இன்று வாங்குகிறார்கள்? கிராமத்துக் குடும்பச் செலவில் அரிசி, கோதுமை போன்ற தானியங்களின் பங்கு 1999-2000இல் சுமார் 22 சதவீதம். 2022-23இல் அது 5 சதவீதத்துக்கும் கீழே. உணவுச் செலவு மொத்தமும் அதே காலத்தில் 59 சதவீதத்திலிருந்து 46 சதவீதமாக இறங்கியது. உணவுக்குள்ளேயே பானங்களும் பாக்கெட் தின்பண்டங்களும் முதலிடம் பிடித்தன. நம் கடையில் அரிசி மூட்டை இருந்த இடத்துக்குப் பிஸ்கட் அட்டைப்பெட்டி வந்த கதைதான் இது. பஸ் கட்டணம், பள்ளிக் கட்டணம், மருந்து, செல்போன் என்று புதுச் செலவுகள் நுழைந்த பிறகு, கலோரியை மட்டும் வைத்து எப்படிக் கோடு போடுவது?

32 ரூபாய் சர்ச்சை

இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல வந்தது டெண்டுல்கர் குழு. 2009இல் தந்த அறிக்கையில் கலோரிக் கணக்கை விட்டுவிட்டு, மக்கள் உண்மையில் செய்யும் உணவு, துணி, கல்வி, வைத்தியச் செலவுகளைச் சேர்த்தார்கள். 2004-05ஆம் ஆண்டுக்குக் கிராமத்தில் 447 ரூபாய், நகரத்தில் 579 ரூபாய். பழைய முறையில் அந்த ஆண்டு ஏழைகள் 27.5 சதவீதம். புதிய முறையில் 37.2 சதவீதம். நாட்டில் யாருடைய பானையிலும் ஒரு பிடி அரிசி கூடவோ குறையவோ இல்லை. சிட்டை மட்டும் மாறியது. பத்துப் பேரில் ஒருவர் புதிதாக ஏழைப் பட்டியலில் வந்துவிட்டார்.

2011 செப்டம்பரில், உணவு உரிமை வழக்கில் திட்டக் குழு உச்ச நீதிமன்றத்தில் தாக்கல் செய்த பிரமாணப் பத்திரம் நாடெங்கும் பேச்சானது. நகரத்தில் நாளொன்றுக்கு 32 ரூபாய், கிராமத்தில் 26 ரூபாய்க்கு மேல் செலவு செய்பவர் ஏழையல்ல என்பது அதன் சாரம். 32 ரூபாயில் என்ன வாங்க முடியும் என்று ஊரே கேட்டது. நியாயமான கேள்விதான். ஆனாலும் கணக்கை முழுதாகப் பார்க்க வேண்டும். அது கைக்குழந்தை முதல் தாத்தா வரை தலைக்கு 32 ரூபாய். ஐந்து பேர் வீட்டுக்கு நாளொன்றுக்கு 160 ரூபாய், மாதம் சுமார் 4,800 ரூபாய். அதில்தான் சோறு, வாடகை, துணி, பஸ், பள்ளி, மாத்திரை எல்லாம். இப்படிச் சொன்னாலும் அது வசதியான வாழ்க்கை ஆகிவிடாது. பட்டினியின் விளிம்பைக் குறிப்பதற்குப் போட்ட கோட்டை, "இதற்கு மேல் உள்ளவருக்கு உதவி வேண்டாம்" என்று சொல்வதற்குப் பயன்படுத்தியதுதான் கோபத்தின் காரணம்.

2011-12ஆம் ஆண்டுக்கு டெண்டுல்கர் முறையில் கோடு கிராமத்தில் 816 ரூபாய், நகரத்தில் 1,000 ரூபாய் என்றானது. ஏழைகள் 21.9 சதவீதம், சுமார் 27 கோடிப் பேர். தமிழ்நாட்டில் 11.28 சதவீதம். எதிர்ப்பு ஓயாததால் ரங்கராஜன் தலைமையில் அமைந்த குழு 2014இல் வேறொரு சிட்டையைக் கொடுத்தது. கலோரியுடன் புரதத்தையும் கொழுப்பையும் கணக்கில் சேர்த்து, கிராமத்தில் 972 ரூபாய், நகரத்தில் 1,407 ரூபாய் என்றது. அதே 2011-12ஆம் ஆண்டுக்கு ஏழைகள் 29.5 சதவீதம், 36 கோடிப் பேர். அதாவது இரண்டு சிட்டைகளுக்கும் நடுவில் 9 கோடிப் பேர் நிற்கிறார்கள். தமிழ்நாட்டின் மொத்த மக்கள்தொகையைவிடப் பெரிய கூட்டம் அது. ரங்கராஜன் குழுவின் கோட்டை அரசு ஏற்கவில்லை. அதற்குப் பிந்தைய பத்தாண்டில் புதிய கோடு எதையும் அறிவிக்கவும் இல்லை.

எத்தனை நாள் கணக்கு?

பட்டியலும் விலையும் மட்டுமல்ல, கேள்வி கேட்கும் விதமும் விடையை மாற்றும். வீடுகளுக்குச் செல்லும் புள்ளிவிவர ஊழியர், "கடந்த 30 நாளில் என்ன வாங்கினீர்கள்?" என்று கேட்பது பழைய வழக்கம். முப்பது நாளில் வாங்கிய எல்லாமே நினைவிருக்குமா? மூன்று வாரத்துக்கு முன் வாங்கிய கடுகும் சீரகமும் மறந்துபோகும். 1990களில் ஒரு பகுதி வீடுகளில் உணவுப் பொருளுக்கு 7 நாள் கணக்குக் கேட்டுப் பார்த்தார்கள். விடையில் செலவு கூடியது. அந்தக் கணக்குப்படி ஏழைகளின் எண்ணிக்கை ஏறத்தாழப் பாதியாகிவிட்டது!

1999-2000இல் ஒரே வீட்டில் 7 நாள், 30 நாள் இரண்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துக் கேட்டார்கள். ஒன்றுக்குச் சொன்ன விடை மற்றொன்றைத் தொட்டுக்கொண்டது. 1993-94இல் 36 சதவீதமாக இருந்த வறுமை 26 சதவீதமாகக் குறைந்தது என்று அறிவித்தபோது, குறைந்தது வறுமையா, கேள்வித்தாளின் கோளாறா என்று அறிஞர்கள் ஆண்டுக்கணக்கில் வாதாடினார்கள்.

2017-18இல் எடுத்த கணக்கெடுப்பின் முடிவைத் தரம் சரியில்லை என்று சொல்லி அரசு வெளியிடவே இல்லை. 2022-23இல் ஒரே வீட்டுக்கு மூன்று முறை போய், சாமான்களைப் பிரித்துப் பிரித்துக் கேட்கும் புதிய முறை வந்தது. அதில் மாதச் செலவு ஆளுக்குச் சராசரியாகக் கிராமத்தில் 3,773 ரூபாய், நகரத்தில் 6,459 ரூபாய். வாழ்க்கை உயர்ந்திருப்பது உண்மைதான். ஆனால் பழைய முறையில் எடுத்த எண்ணோடு இதை நேராக ஒப்பிடுவது, கல் தராசில் நிறுத்ததையும் மின் தராசில் நிறுத்ததையும் ஒரே சிட்டையில் கூட்டுவது போலாகும்.

உலக வங்கியின் டாலர் கோடும் இப்படித்தான். 1990இல் ஒரு டாலர் என்று தொடங்கியது. 2015இல் 1.90, 2022இல் 2.15, 2025 ஜூனில் 3 டாலர் என்று வளர்ந்தது. இந்த டாலரைச் சந்தை விலையில் ரூபாயாக்கக் கூடாது. உள்ளூரில் அதே சாமான் என்ன விலை என்று பார்த்து மாற்றும் தனிக் கணக்கு அது. ரூபாயில் வெகுவாகக் குறைந்து வரும். 2022-23ஆம் ஆண்டுக்கு 3 டாலர் கோட்டில் இந்திய ஏழைகள் 5.3 சதவீதம். சற்று உயர்ந்த 4.20 டாலர் கோட்டில் ஏறத்தாழ 24 சதவீதம். இரண்டு கோடுகளுக்கும் இடையே உள்ள சிறிய இடைவெளியில் எத்தனை குடும்பங்கள் நெருக்கியடித்து நிற்கின்றன என்று பாருங்கள்.

நிதி ஆயோக் பணத்தை விட்டுவிட்டு, ஊட்டச்சத்து, பள்ளிப் படிப்பு, கழிப்பறை, சமையல் எரிபொருள், வீடு, வங்கிக் கணக்கு என 12 அளவுகோல்களை வைத்துப் பார்த்தது. அதில் நாட்டு வறுமை 2015-16இல் 24.85 சதவீதம், 2019-21இல் 14.96 சதவீதம். தமிழ்நாட்டில் 2.2 சதவீதம். வீட்டில் கழிப்பறையும் வங்கிப் புத்தகமும் வந்தது நல்ல முன்னேற்றமே. ஆனால் இருபத்தைந்தாம் தேதி பருப்பு வாங்கக் காசிருக்கிறதா என்பதை அந்த 12இல் எதுவும் சொல்லாது.

கோட்டுக்குத் தெரியாதது, நோட்டுக்குத் தெரிந்தது

எல்லாக் கோடுகளுக்கும் தப்பிப்போகும் சில உண்மைகள் நம் கடையில் தினமும் நடக்கின்றன.

முதலாவது, ஏழை வாங்கும் விலை. ஒரு கிலோ பருப்பு 160 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். அதே பருப்பு 50 கிராம் பொட்டலமாக 10 ரூபாய்க்கு விற்றால் கிலோ 200 ரூபாய் ஆகிறது. பொட்டலம் கட்டும் கூலியும் சேதாரமும் நமக்கு உண்டு என்பது சரியே. ஆனாலும் மொத்தமாக வாங்க முடியாதவர் கிலோவுக்கு 40 ரூபாய் கூடக் கொடுக்கிறார். செலவுக் கணக்கில் அவர் அதிகம் செலவழிப்பவராகத் தெரிவார். தட்டில் விழுவதோ குறைவு.

இரண்டாவது, கடன். கணக்கெடுப்பு செலவைக் கேட்கிறது. அந்தச் செலவு கைக்காசா, நம் நோட்டில் நிற்கும் நிலுவையா, நகை அடகு வைத்த பணமா என்பது அந்த எண்ணில் தெரிவதில்லை. ஆஸ்பத்திரிக்கு ஆயிரக்கணக்கில் செலவழித்த குடும்பம், செலவு கூடியதால் கோட்டுக்கு மேலே ஏறியதாகக்கூடக் கணக்கு வரலாம். உண்மையில் அது அன்றுதான் கீழே விழுந்திருக்கும். 1962இல் அடித்துவிட்ட வைத்திய வரி இப்படித்தான் பழி வாங்குகிறது.

மூன்றாவது, காலம். மழை பெய்து சித்தாள் வேலை நின்ற வாரமும், ஆடி மாதமும், மீன்பிடித் தடைக்காலமும் சராசரியில் கரைந்துவிடும். நோட்டில் கரையாது.

இதனால்தான் கோட்டை வைத்து அட்டை பிரிப்பது ஆபத்தானது. 1997இல் மத்திய அரசு வறுமைக் கோட்டுக்குக் கீழே, மேலே என்று ரேஷனைப் பிரித்தபோது, தமிழ்நாடு எல்லோருக்கும் அரிசி என்ற முறையைக் கைவிடவில்லை. 2011 ஜூன் முதல் அரிசி அட்டைக்கு அரிசி இலவசமாகவே கிடைக்கிறது. இதனால் சில்லறைக் கடையில் அரிசி வியாபாரம் குறைந்தது என்ற குறை நம்மிடையே உண்டு. மறுப்பதற்கில்லை. ஆனால் அரிசிக்குப் போகாத காசு எண்ணெய்க்கும் பருப்புக்கும் சோப்புக்கும் நம் கடைக்கே வந்ததையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். ஒரு ரூபாய் வித்தியாசத்தில் கோட்டுக்கு மேலே நின்றதால் அட்டை இழக்கும் குடும்பம் நம் தெருவில் இல்லை என்பது, நம் நோட்டு நிலுவைக்கும் ஒரு பாதுகாப்பு.

நாம் செய்யக்கூடியது

கோடு போடுவது நம் வேலையல்ல. ஆனால் அந்தக் கோட்டுக்கு வேண்டிய விலை நம் கடையிலிருந்துதான் போகிறது. விலைவாசிக் குறியீட்டெண்ணுக்காக அரசுப் புள்ளிவிவர ஊழியர்கள் குறிப்பிட்ட கடைகளுக்கு முறையாக வந்து விலை கேட்கிறார்கள். வறுமைக் கோட்டைப் பல ஆண்டுகள் உயர்த்தி வந்ததே விவசாயத் தொழிலாளர், ஆலைத் தொழிலாளர் விலைக் குறியீட்டெண்களை வைத்துத்தான். அகவிலைப்படிக்கும் பல தொழில்களின் கூலி நிர்ணயத்துக்கும் இத்தகைய எண்களே ஆதாரம்.

பை தூக்கிக்கொண்டு ஒருவர் வந்து விலை கேட்டால், வரி அதிகாரியோ என்று பயந்து வாய்க்கு வந்ததைச் சொல்லி அனுப்புவோர் நம்மில் உண்டு. அடையாள அட்டையைக் கேட்டுப் பாருங்கள். புள்ளிவிவர ஊழியர்தான் என்றால் உட்காரச் சொல்லி, அன்று உண்மையாக விற்ற விலையைச் சொல்லுங்கள். பருப்புக்குக் கிலோவுக்கு 10 ரூபாய் குறைத்துச் சொல்வதால் நமக்கு லாபம் எதுவும் இல்லை. அப்படிப் பல கடைகளில் சொன்னால், நம் வாடிக்கையாளரின் கூலியிலும் படியிலும் அது குறைவாக வந்து விழும். பிறகு அவர் நம் கடையில்தான் நூறு கிராமுக்குப் பதில் ஐம்பது கிராம் கேட்பார்.

பொட்டலத்தின் எடையிலும் விலையிலும் நியாயம் வைப்போம். ஐம்பது கிராமுக்கு நாம் கூடுதலாக வைக்கும் ஒரு ரூபாய், கல்லாவுக்குச் சிறு தொகை. வாங்குகிறவர் வீட்டில் அது ஒரு கரண்டிப் பருப்பு. நோட்டில் நிலுவை ஏறினால் உடனே முகம் சுளிக்காமல், வேலை இல்லாத காலமா, வீட்டில் நோயா என்று ஒரு வார்த்தை விசாரிப்போம். நாடு ஏழையைப் பல ஆண்டுகளுக்கு ஒரு முறை அளக்கிறது. நாம் தினமும் அளக்கிறோம். அந்தத் தராசு நம் கையில் இருக்கும்வரை முள் நடுவில் நிற்கட்டும்.